ஜொகூர் ஆற்று முகத்துவாரமும் ஒரு சட்ட நூலும்

அனைத்துலகச் சட்டத்தின் வரலாற்றை எழுதுவோர் பலர், ஹூகோ குரோசியஸ் என்னும் டச்சு அறிஞரிடமிருந்தே தொடங்குவர். அவருடைய 'மாரே லீபெரும்' என்னும் இலத்தீன் நூல் 1609இல் லெய்டன் நகரில், ஆசிரியர் பெயரின்றி வெளிவந்தது. கடல் எவருக்கும் தனியுடைமை ஆகாது என்று வாதிடும் அச்சிறு நூலை ஐரோப்பாவின் சிந்தனைச் செல்வமாக மட்டும் கற்பிப்பது வழக்கம். அந்நூல் எழுவதற்குக் காரணமான நிகழ்ச்சியோ சிங்கப்பூருக்குக் கிழக்கே, ஜொகூர் ஆறு கடலோடு கலக்கும் இடத்தருகே நடந்தது. சாங்கிக் கடற்கரையில் நின்று பார்க்கும் மாணவரின் கண்ணெதிரே விரியும் நீர்ப்பரப்பு அது.

1603ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் 25ஆம் நாள், மக்காவிலிருந்து மலாக்காவுக்குச் சென்றுகொண்டிருந்த 'சாந்தா கத்தரீனா' என்னும் போர்ச்சுகீசியப் பெருங்கப்பலை யாக்கோப் வான் ஹீம்ஸ்கெர்க் என்னும் டச்சுத் தலைவர் தாக்கிக் கைப்பற்றினார். கப்பலில் ஆண், பெண், குழந்தை எனப் பல நூற்றுவர் இருந்தனர். சீனப் பட்டும் பீங்கானும் நிறைந்திருந்தன. ஜொகூர் அரச குடும்பத்தார், குறிப்பாகச் சுல்தானின் இளவல் ராஜா பொங்சு, டச்சுக்காரருக்குத் துணைநின்றார். மலாக்காவிலிருந்த போர்ச்சுகீசியரால் பல்லாண்டு துன்புற்ற அரசு அது. புதிய நட்பை நாடியதில் வியப்பில்லை. சரக்கு ஆம்ஸ்டர்டாமில் முப்பது இலட்சம் கில்டருக்கு மேல் விலைபோயிற்று. இத்தகைய பீங்கானுக்கு டச்சு மொழியில் 'கிராக்' என்னும் பெயர் நிலைத்தது. அது அப்பெருங்கப்பல் வகையின் பெயரான 'கர்ராக்' என்பதிலிருந்து வந்தது என்பர். ஒரு கப்பலின் பெயர் அடுக்களைக் கலத்தின் பெயராவது சொல்வரலாற்றில் புதுமையன்று.

இக்கைப்பற்றல் முறையானதா, கடற்கொள்ளையா? ஹீம்ஸ்கெர்க்குக்கு வழங்கப்பட்டிருந்த ஆணை, தற்காப்புக்கும் இழப்பை ஈடுசெய்வதற்கும் மட்டுமே படைவலியைப் பயன்படுத்த இடம் தந்தது. 1604 செப்டம்பரில் ஆம்ஸ்டர்டாம் கடற்படை நீதிமன்றம் கப்பலை முறையான போர்ப்பேறு என்று தீர்ப்பளித்தது. ஆயினும் டச்சுக் கிழக்கிந்திய நிறுவனத்தின் பங்குதாரர் சிலருடைய உள்ளம் அமைதியுறவில்லை. இத்தகைய பொருளில் பங்கு வேண்டா என்றும் சிலர் ஒதுங்கினர். அவர்களுடைய ஐயத்தைப் போக்கவும் பிற அரசுகளின் முன் நிறுவனத்தின் செயலை நிலைநாட்டவும் ஒரு நூல் தேவைப்பட்டது. அப்பணியை ஏற்றபோது குரோசியசுக்கு அகவை இருபத்தொன்று. ஆக, உலகப் பொதுமைக்குரிய நூலாக இன்று போற்றப்படுவது ஒரு வணிக நிறுவனத்தின் வழக்குரையிலிருந்து பிறந்தது. இதைச் சொல்வது நூலின் பெருமையைக் குறைப்பதாகாது. ஆனால் சொல்லாமல் விடுவது வரலாறாகாது.

அவர் முதலில் எழுதியது பெரிய கையெழுத்து நூல். தம் மடலில் அதனை 'இந்தியப் பகுதிகளின் விவகாரங்கள்' என்று பொருள்படும் பெயரால் அவர் குறித்தார். அக்காலத்தில் இந்தியப் பகுதிகள் என்பது நம் தென்கிழக்காசியத் தீவுகளையும் உள்ளடக்கிய சொல். அதன் பன்னிரண்டாம் அதிகாரம், இப்போரைத் தனியார் தொடுத்த போர் எனக் கொண்டாலும் அது நேரியதே என்று வாதிட்டது. அடுத்த அதிகாரத்தின் ஒரு பகுதி, இதனை நட்பரசின் சார்பில் நிகழ்ந்த பொதுப்போராகவும் கொள்ளலாம் என்றது. அந்த நட்பரசு ஜொகூர். நெடுங்காலமாக இறையாண்மை உடையதாக மதிக்கப்பட்டு வந்த அரசு அது. ஆதலின் போர் தொடுக்கும் உரிமை அதன் மன்னருக்கு உண்டு. அவருக்குத் துணைநின்றோர் செயலும் முறையானதே. இதுவே வாதத்தின் சாரம்.

1609இல் ஸ்பெயினோடு போர்நிறுத்தம் பேசப்பட்ட வேளையில், கிழக்கு வணிகத்தைக் கைவிடலாகாது என்று வலியுறுத்த நிறுவனம் விரும்பியது. பன்னிரண்டாம் அதிகாரத்தின் ஒரு பகுதி மட்டும் பிரித்தெடுக்கப்பட்டுத் திருத்தங்களுடன் அச்சேறியது. அதுவே 'மாரே லீபெரும்'. ஜொகூர் மன்னரின் உரிமையைப் பேசிய பகுதி கையெழுத்தாகவே நின்றுவிட்டது. அச்சேறிய நூலுக்கும் ஒரு துணைத்தலைப்பு உண்டு. கிழக்கிந்திய வணிகத்தில் டச்சுக்காரருக்குள்ள உரிமை பற்றியது இந்நூல் என அது வெளிப்படையாகவே கூறுகிறது. பின்வந்தோர் தலைப்பை மட்டுமே நினைவில் வைத்துக்கொண்டனர்.

நூலினுள் கீழை அரசுகளே இல்லை என்பதும் சரியன்று. கண்டறிந்தமையால் போர்ச்சுகலுக்கு இவ்விடங்களில் உரிமை இல்லை. ஏனெனில் இங்கு மன்னரும் ஆட்சியும் சட்டமும் முன்னரே இருந்தன என்று குரோசியஸ் வாதிடுகிறார். ஜாவா, தப்ரபனா, மலுக்குத் தீவுகள் ஆகியவற்றை எடுத்துக்காட்டுகிறார். 'தப்ரபனா' என்னும் சொல் நம் கருத்துக்குரியது. பாலி மொழியின் 'தம்பபண்ணி' என்பதோடும், நம் தாமிரபரணி என்னும் பெயரோடும் தொடர்புடைய பழம்பெயர் இது. கிரேக்கர் இதனை இலங்கைக்கு வழங்கினர். பதினாறாம் நூற்றாண்டு நிலப்படங்கள் சில சுமத்திராவின்மேல் ஏற்றின. எனவே மொழிபெயர்ப்பாளர் தயங்காமல் இலங்கை என்று எழுதிவிடுவது ஏற்புடையதன்று.

தலைப்பைத் தமிழாக்குவதும் எளிதன்று. இலத்தீன் 'லீபெரும்' என்பது எவருக்கும் கட்டுப்படாதது என்றும், எவர்க்கும் திறந்தது என்றும் பொருள் விரியும். 'கட்டற்ற கடல்' முதற்பொருளைத் தரும். 'பொதுக்கடல்' இரண்டாவதைத் தரும். யாருக்கும் உரியதல்லாதது வேறு, எல்லார்க்கும் உரியது வேறு. மீன்பிடி உரிமைக்கும் கடலடிக் கனிமத்துக்கும் நாடுகள் மோதுவது இவ்விரு பொருளுக்கும் இடையேதான். செல்டன் என்னும் ஆங்கிலேயர் 1635இல் வெளியிட்ட மறுப்புநூலின் பெயர் 'மாரே கிளாவுசும்'. அடைக்கப்பட்ட கடல் என்பது பொருள். போர்ச்சுகலின் சார்பில் பிரெய்தாஸ் என்னும் பாதிரியார் 1625இலேயே மறுப்பு எழுதியிருந்தார். அக்காலத்தார் இத்துறையை 'மக்களினங்களின் சட்டம்' என்றே வழங்கினர். 'இண்டர்நேஷனல்' என்னும் ஆங்கிலச் சொல்லைப் பெந்தம் படைத்தது 1780களில்தான். அதற்கு நம் நாடுகளில் 'அனைத்துலக' என்பது வழக்கு. அதில் நமக்குப் பிணக்கில்லை. எனினும் இந்நூலைப் படிக்கையில் 'பன்னாட்டு' என்பதே நமக்குப் பொருத்தமாகப் படுகிறது. அச்சொல்லில் நாடு மறையவில்லை.

கோட்பாட்டை உரைத்தோரே அதற்கு ஈடுகொடுக்க முடியாத நிலையும் விரைவில் வந்தது. 1613இல் குரோசியஸ் தூதுக்குழுவினருள் ஒருவராக இலண்டன் சென்றார். நறுமணப் பொருள் தீவுகளின் வணிகத்தில் தங்களுக்கும் பங்கு வேண்டும் என்று கேட்ட ஆங்கிலேயர், 'மாரே லீபெரும்' நூலையே சான்றாக நீட்டினர். தீவுகளின் மன்னர்களோடு டச்சுக்காரர் செய்த ஒப்பந்தங்கள் பிறரை விலக்குகின்றன, ஒப்பந்தம் காக்கப்பட வேண்டியது என்று அவர் மறுமொழி கூறினார். ஒப்பந்தம் செய்யத்தக்க அரசர் எனில் அவர்கள் இறையாண்மை உடையோர். அந்த இறையாண்மையே அவர்களுடைய கைகளைக் கட்டும் கயிறாகவும் ஆயிற்று. இவ்வாதத்தை மாணவர்கள் ஆழ்ந்து எண்ணிப்பார்க்க வேண்டும். பின்னர் உள்நாட்டுப் பூசலில் சிறைப்பட்ட குரோசியஸ், 1621இல் நூற்பெட்டிக்குள் ஒளிந்து தப்பியதும், 1625இல் பாரிசில் போரும் அமைதியும் பற்றிய பெருநூலை வெளியிட்டதும் பலரும் அறிந்தவை.

கையெழுத்து நூல் 1864இல் ஹேக் நகர ஏலம் ஒன்றில் வெளிப்பட்டது. லெய்டன் பல்கலைக்கழகம் அதனை வாங்கியது. 1868இல் அது அச்சாயிற்று. 'போர்ப்பேற்றுச் சட்டம்' என இன்று வழங்கும் பெயர் அப்போது இடப்பட்டதே.

அதற்கு 140 ஆண்டுகளுக்குப் பின், சிங்கப்பூருக்கும் மலேசியாவுக்கும் இடையே எழுந்த வழக்கு ஹேக் நகரின் அனைத்துலக நீதிமன்றத்தில் கேட்கப்பட்டது. பெட்ரா பிராங்கா என்றும் பூலாவ் பத்து பூத்தே என்றும் வழங்கும் பாறைத்தீவு யாருக்குரியது என்பதே வழக்கு. தீவின்மேல் ஜொகூருக்குத் தொன்மையான உரிமை உண்டு என்று நிறுவ முயன்ற மலேசியத் தரப்பு, ஜொகூர் இறையாண்மை உடைய அரசு என்று குரோசியஸ் எழுதிய இடத்தை எடுத்துக்காட்டியது. நிறுவனத்தின் பதினேழாம் நூற்றாண்டு மடல்களும் சான்றுகளாயின. 2008 மே 23ஆம் நாள் வழங்கிய தீர்ப்பில், தொடக்கத்தில் உரிமை ஜொகூருக்கே இருந்தது என நீதிமன்றம் ஏற்றது. பின்னாளைய நடத்தையால் அவ்வுரிமை கைமாறிவிட்டது என்று கண்டு, 12க்கு 4 என்னும் கணக்கில் பெட்ரா பிராங்காவைச் சிங்கப்பூருக்கு உரியதாக்கியது. அருகிலுள்ள மிடில் ராக்ஸ் பாறைகளின் உரிமை அவ்வாறு கைமாறவில்லை. ஆதலின் அவை ஜொகூரின் வழிவந்த மலேசியாவிடமே நின்றன.