வெடேலியா: தண்டு நட்டுப் பெருக்குதல்

மஞ்சள் பூவும் பளபளக்கும் பச்சை இலையுமாகத் தரையை மூடிப் படரும் வெடேலியா (ஸ்பாக்னெட்டிகோலா டிரைலோபேட்டா) சூரியகாந்திக் குடும்பத்துச் செடி. நடு அமெரிக்காவும் கரீபியத் தீவுகளும் இதன் தாயகம். மூலிகையான மஞ்சள் கரிசலாங்கண்ணிக்கு இது நெருங்கிய உறவு. இரண்டையும் குழப்பிக்கொள்வோர் உண்டு.

இதற்கு விதை தேட வேண்டியதில்லை. முளைக்கும் விதை குறைவு, பெருக்கமெல்லாம் தண்டால்தான். மூன்று நான்கு கணுக்கள் உள்ள, முற்றிய பச்சைத் தண்டை ஒரு கணுவுக்குச் சற்றுக் கீழே வெட்ட வேண்டும். அடி இலைகளைக் கிள்ளிவிட்டு, இரண்டு கணுக்களாவது மண்ணுக்குள் போகும்படி நட வேண்டும். வேர் புறப்படும் இடம் கணுதான். படர்ந்த கொடியைத் தூக்கிப் பார்த்தால் கணுதோறும் வெண்ணிற வேர்கள் இறங்கியிருக்கும். அப்படிப்பட்ட துண்டு கிடைத்தால் பாதி வேலை மிச்சம். நிழலும் ஈரமும் இருந்தால் ஓரிரு வாரங்களில் பிடித்துவிடும். தண்ணீர் தேங்கினால் தண்டு அழுகக்கூடும்.

இந்த எளிமையே தொல்லையும்கூட. உலகின் மிக மோசமான 100 ஆக்கிரமிப்பு உயிரினங்களின் பட்டியலில் இச்செடியும் உண்டு. கழித்த தண்டுகளை வாய்க்கால் ஓரத்திலோ புறம்போக்கிலோ வீசாதீர்கள். நன்றாகக் காயவைத்து அழித்துவிடுங்கள்.