கடலும் கோயிலும் களமும்

தொழில் வேறு, வழிபாடு வேறு, விளையாட்டு வேறு என்று பிரித்துக் கொள்வது இக்கால வழக்கு. தொழிலுக்கு அலுவலகமும், வழிபாட்டுக்குக் கோயிலும், விளையாட்டுக்கு மைதானமும் தனித்தனியே வகுக்கப்பட்டுவிட்டன. ஆயின், யாழ்ப்பாணக் குடாநாட்டின் வடகரையிலே, வடமராட்சிப் பகுதியிலுள்ள வல்வெட்டித்துறை, தொண்டைமானாறு ஆகிய ஊர்களின் வரலாற்றை நோக்குவார்க்கு இப்பிரிவினை பொருந்தாமை புலனாகும். அங்கே இம்மூன்றையும் ஒருங்கே வளர்த்தது கடல்.

வல்வெட்டித்துறை பாய்க்கப்பல்களுக்குப் பேர்பெற்ற துறையாகும். அங்கே கட்டப்பெற்ற கப்பல்கள் நாகபட்டினத்திற்கும் வங்கக் கடலின் அப்பாலுள்ள பர்மாவிற்கும் வாணிகத்தின்பொருட்டுச் சென்று மீண்டன. கப்பலைச் செலுத்திய தண்டையல்மார் சோளகம், வாடை, கச்சான், கொண்டல் என்னும் காற்றுக்களின் இயல்பை அனுபவத்தாற் கற்றவர்கள். அவர்தம் திறமைக்கு உலகறிந்த சான்று ‘அன்னபூரணி’ என்னும் கப்பல். வல்வெட்டித்துறையிற் கட்டப்பெற்ற அக்கப்பலை வில்லியம் றொபின்சன் என்னும் அமெரிக்கர் வாங்கினார். இவ்வூர் மாலுமிகள் பணிபுரிய, அது கடல் பல கடந்து 1938 ஆம் ஆண்டில் அமெரிக்காவின் குளொஸ்ரர் துறைமுகத்தை அடைந்தது.

கடலை நம்பி வாழ்வோர்க்குக் கடவுள் நம்பிக்கை அலங்காரமன்று, அன்றாடத் தேவை. கப்பல் உடைமையாளரான வெங்கடாசலம்பிள்ளை எடுப்பித்த வல்வை வைத்தீசுவரன் கோயில் 1883 இல் குடமுழுக்குக் கண்டது. வாணிக ஊதியத்தில் ஒரு பங்கை மகமையென ஒதுக்கிக் கோயிற் பணிக்கு வழங்குவது அக்காலத்தார் வழக்கம். தொண்டைமானாற்றுச் செல்வச்சந்நிதியிலோ, கடற்றொழிலாளர் மரபில் வந்த கப்பூகர் வாயைத் துணியாற் கட்டி மௌனமாகப் பூசை செய்கின்றனர். முருகனுக்கு ஆலிலையில் அமுது படைக்கப்படுகின்றது. தொழில் செய்த கையே பூசையும் செய்தது என்பது ஈண்டுக் கருதத்தக்கது.

விளையாட்டும் இவ்வாழ்விலிருந்தே முளைத்தது. கரையிற் பிறந்த சிறுவனுக்கு நீச்சல் நடையோடு சேர்ந்து வந்த கல்வி. தைமாதத்திற் கொக்கு, பிராந்து, எட்டுமூலை எனப் பலவகைப் பட்டங்கள் வானிலேறும். அவற்றிற் பூட்டிய விண் இரவிலும் கூவும். பட்டத்தின் நூலைப் பிடித்தவன் காற்றின் போக்கைக் கையால் அறிகின்றான். பாய்க்கயிற்றைப் பிடித்த அவன் பாட்டன் பெற்ற அறிவும் அதுவே. பிள்ளையார் கோயில் கொண்டிருக்கும் நெடியகாடு என்னும் குறிச்சியின் பெயரே அங்குள்ள விளையாட்டுக் கழகத்தின் பெயராகவும் விளங்குவது தற்செயலன்று.

இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் இவ்வாழ்வின் அடித்தளம் அசைந்தது. நீராவிக் கப்பல்கள் முன்னரே பாய்க்கப்பல்களின் வாணிகத்தைக் குறைத்திருந்தன. 1942 இல் பர்மா யப்பானியர் வசமாயிற்று. 1948 இல் இலங்கை சுதந்திரம் பெற்றபின் கடவுச்சீட்டு, சுங்கம், அந்நியச் செலாவணிக் கட்டுப்பாடு என்பன இறுகின. முன்னோர் முற்றம்போற் கருதிய கடல் இரு நாடுகளின் எல்லையாகியது.

தொழில் தளர்ந்த அக்காலத்திலேதான் விளையாட்டு ஓங்கி எழுந்தது. 1954 இல் தொண்டைமானாற்றைச் சேர்ந்த நவரத்தினசாமி வல்வெட்டித்துறையிலிருந்து கோடியக்கரை வரை ஏறத்தாழ 27 மணிநேரம் நீந்தி, பாக்கு நீரிணையைக் கடந்தார். 1971 இல் வல்வெட்டித்துறையைச் சேர்ந்த குமார் ஆனந்தன் தலைமன்னாரிலிருந்து தனுஷ்கோடிக்கு நீந்தி, அங்கிருந்து மீண்டும் நீந்தியே திரும்பினார்; 51 மணிநேரம் கொண்ட அரும்பெருஞ் செயல் அது. ஆழிக்குமரன் எனப் போற்றப்பெற்ற அவர், 1875 இல் மத்தியூ வெப் முதன்முதலில் நீந்திக் கடந்த ஆங்கிலக் கால்வாயைத் தாமும் கடக்க முயன்று, 1984 ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத்தில் அக்கடலிலேயே உயிர்நீத்தார்.

இவற்றைத் தனிமனித வீரமென்று மட்டும் கொள்ளுதல் தகாது. பாக்கு நீரிணை ஆழங் குறைந்தது. ஆதலின் சிறு காற்றுக்கும் அலை குத்திட்டு எழும். நீந்துவோன் துணைப்படகைத் தொடலாகாது. உணவும் நீரும் படகிலுள்ளோர் நீட்டவே பெறுதல் வேண்டும். எவ்வேளையிற் புறப்படுவது, நீரோட்டம் எப்பக்கம் இழுக்கும் என்பவற்றை அறிந்து வழிகாட்ட வேண்டியவரும் படகோட்டிகளே. ஒருவன் நீந்தும்போது அவனுடன் ஓர் ஊரின் அறிவும் நீந்துகின்றது. வாணிகம் விட்டுச்சென்ற அறிவை விளையாட்டு ஏற்றுப் போற்றியது எனலாம்.

ஆயின் அவ்வறிவு அழியாதது அன்று. போர்க்காலத்திற் கடல் தடைசெய்யப்பட்ட வலயமாகியது. 1987 ஆம் ஆண்டின் வடமராட்சிப் படை நடவடிக்கையால் மக்கள் இடம்பெயர்ந்தனர். பலர் கடல்கடந்து குடியேறினர். 2009 இற் போர் முடிந்தபின் தைப்பொங்கலன்று நிகழும் பட்டத் திருவிழா பெருந்திரளான மக்களை வல்வைக் கரைக்கு மீண்டும் அழைத்துள்ளது. காண்போர் கூட்டத்தால் மட்டும் ஒரு மரபு நிலைப்பதில்லை, பயில்வோராலேயே நிலைக்கும். கரையோரப் பாடசாலைகளில் நீச்சலும் படகோட்டலும் காற்றறிவும் முறையாகக் கற்பிக்கப்படுமாயின், கோயில் திருவிழாவிற் கூடும் ஊர் கடலிலும் கூடும். அன்றேல், அன்னபூரணியும் ஆழிக்குமரனும் வெறும் பெயர்களாகவே எஞ்சுவர்.