நூமெனோரின் மூன்று வேண்டல்கள்

நூமெனோரின் மூன்று வேண்டல்கள் என்பன ஆங்கில எழுத்தாளர் ஜே. ஆர். ஆர். டோல்கீன் (1892–1973) படைத்த கற்பனை உலகில், நூமெனோர் என்னும் தீவு நாட்டு மக்கள் ஆண்டுதோறும் கடைப்பிடித்த மூன்று புனித நாட்கள் ஆகும். எருக்கியெர்மே, எருலைத்தாலே, எருஹந்தாலே என்பன அவற்றின் பெயர்கள். இவை பற்றிய விரிவான குறிப்பு, டோல்கீன் இறந்த பின்னர் அவருடைய மகன் கிறிஸ்தோபர் டோல்கீன் தொகுத்து 1980 இல் வெளியிட்ட "முடிவுறாக் கதைகள்" என்னும் நூலில் உள்ளது.

பெயரும் காலமும்

மூன்று பெயர்களும் டோல்கீன் உருவாக்கிய குவென்யா மொழியைச் சேர்ந்தவை. இவற்றின் முதற்பகுதியாகிய "எரு" என்பது அவ்வுலகைப் படைத்த ஒரே கடவுளின் பெயர். இக்கடவுள் இலூவத்தார் எனவும் அழைக்கப்படுவார்.

எருக்கியெர்மே: "எருவிடம் வேண்டல்". இளவேனிலின் முதல் நாட்களில், வரும் ஆண்டுக்காக வேண்டப்பட்டது.
எருலைத்தாலே: "எருவைப் புகழ்தல்". கோடையின் நடுவில் இடம்பெற்றது.
எருஹந்தாலே: "எருவுக்கு நன்றி கூறல்". இலையுதிர் காலத்தின் முடிவில் இடம்பெற்றது.

இம்மூன்றில் ஒன்று மட்டுமே கேட்பதற்குரியது. மற்றைய இரண்டும் புகழவும் நன்றி சொல்லவும் உரியவை.

நூமெனோரின் நாட்காட்டியில் 365 நாட்கள் இருந்தன. பத்து மாதங்கள் 30 நாட்களும் இரண்டு மாதங்கள் 31 நாட்களும் கொண்டவை. ஆண்டின் முதல் நாள், நடுநாள், இறுதி நாள் ஆகிய மூன்றும் எந்த மாதத்திலும் சேராதவை. ஆயினும் மூன்று வேண்டல்கள் நூலில் நாட்கணக்கால் அன்றிப் பருவங்களாலேயே குறிக்கப்படுகின்றன.

வழிபாட்டு இடம்

தீவின் நடுவே இருந்த மெனெல்டார்மா என்னும் மலையின் உச்சியே வழிபாட்டு இடமாகும். இவ்வுச்சி பெருங்கூட்டம் நிற்கக்கூடிய அளவுக்குத் தட்டையானது. நடுவில் சற்றுத் தாழ்ந்தது. அங்கே கட்டடமோ பலிபீடமோ இல்லை. செதுக்காத கற்களைக் குவித்துவைக்கவும் இல்லை. கருவிகளையோ படைக்கலங்களையோ எவரும் அங்கே கொண்டு சென்றதில்லை. சவுரோன் வரும்வரை நூமெனோரில் கோயில் என்று சொல்லத்தக்க வேறெதுவும் இருக்கவில்லை.

வழிபாட்டு முறை

வேண்டல் நாட்களில் அரசர் கால்நடையாக மலையேறினார். வெண்ணிற ஆடை உடுத்து மாலை அணிந்த மக்கள் பெருந்திரளாக, மௌனமாக, அவரைப் பின்தொடர்ந்தனர். உச்சியில் அரசரைத் தவிர வேறெவரும் பேசுவதில்லை. அரசரும் ஆண்டில் இம்மூன்று முறை மட்டுமே அங்கே பேசினார். தனியான பூசாரிகள் இல்லாமையால், மக்கள் அனைவரின் சார்பிலும் எழுந்த ஒரே குரல் அவருடையதாகும்.

மற்ற நாட்களில் எவரும் தனியாகவோ கூட்டமாகவோ மலையேறலாம். அவ்வாறு ஏறுவோரைக் கண்டவுடன் மூன்று கழுகுகள் தோன்றி, உச்சியின் மேற்கு விளிம்பிலுள்ள மூன்று பாறைகளில் அமரும். மூன்று வேண்டல்களின்போது மட்டும் அவை கீழிறங்காது, மக்களுக்கு மேலே வானில் வட்டமிட்டுக்கொண்டிருக்கும். இவை "மான்வேயின் சாட்சிகள்" எனப்பட்டன. மலையையும் நாட்டையும் கண்காணிக்க மான்வே என்னும் தேவன் இவற்றை அனுப்பியதாக மக்கள் நம்பினர்.

கைவிடப்படுதல்

நூமெனோர் மக்கள் செல்வமும் வலிமையும் பெற்றபோது இறப்பைப் பற்றிய அச்சமும் அவர்களிடையே வளர்ந்தது. அரசர் தார்-அங்கலிமோனின் காலத்துக்குப் பின்னர் எருவுக்கு முதற்கனிகளைப் படைக்கும் வழக்கம் புறக்கணிக்கப்பட்டது, மலையேறுவோரும் அருகினர். இரண்டாம் யுகம் 2899 இல் அரியணை ஏறிய ஆர்-அடூனாக்கோர், மான்வேக்கு உரிய "மேற்கின் தலைவன்" என்பதைத் தன் பெயராகக் கொண்டார். அவர் காலம் முதல் மலையுச்சி முற்றாகக் கைவிடப்பட்டது. 270 ஆண்டுகளுக்கு மேற்பட்ட இடைவெளியின் பின்னர் தார்-பலன்டிர் என்னும் அரசர் உரிய பருவங்களில் மீண்டும் அங்கே சென்றார். எனினும் மக்களுள் பெரும்பாலோர் அவரைப் பின்பற்றவில்லை.

அவருக்குப் பின் ஆட்சியைக் கைப்பற்றிய ஆர்-பராசோன், சிறைப்பிடித்து வந்த சவுரோனின் சொல்லுக்கு அடிமையானார். மலையேறுவோருக்கு மரண தண்டனை என அறிவிக்கப்பட்டது. தலைநகரான ஆர்மெனெலோசில் மாபெரும் கோயில் ஒன்று எழுப்பப்பட்டது. அதன் சுவர்கள் 50 அடி தடிப்புடையவை. இறப்பிலிருந்து விடுதலை வேண்டி அங்கே நரபலி இடப்பட்டது. திறந்த வானின் கீழ் மௌனமாக நின்று நன்றி கூறிய இடத்தை விட்ட மக்கள், மூடிய சுவர்களுக்குள் நெருப்பின் முன் சாவாமையைக் கேட்கலாயினர். இரண்டாம் யுகம் 3319 இல் தீவு கடலில் மூழ்கியது.

பிற்காலச் சுவடுகள்

தப்பியோர் நிறுவிய கொண்டோர் நாட்டில் மூன்று வேண்டல்கள் நடந்ததாகச் செய்தி இல்லை. ஆயினும் உணவுக்கு முன் மேற்குத் திசை நோக்கி மௌனமாக நிற்கும் வழக்கம் இருந்தது. "த லோர்ட் ஆப் த ரிங்ஸ்" புதினத்தில் பராமிரும் அவருடைய வீரர்களும் இவ்வாறு நிற்கின்றனர். மின்டொல்லுயின் மலையில் அரசர் மட்டுமே செல்லக்கூடிய புனித இடம் ஒன்றும் இருந்து மறக்கப்பட்டது. மூன்றாம் யுகம் 3019 இல் அரகோர்ன் அங்கே சென்றபோதே வெண்மரத்தின் கன்றைக் கண்டெடுத்தார்.

டோல்கீன் கத்தோலிக்க சமயத்தவர். எனினும் தம் புதினத்திலிருந்து சமயச் சடங்குகளை ஏறத்தாழ முழுமையாக நீக்கியதாக 1953 இல் எழுதிய கடிதம் ஒன்றில் அவர் குறிப்பிட்டுள்ளார். ஆகவே அவருடைய உலகில் கடவுளை நேரடியாக வணங்கும் விழாக்கள் மிக அரிது. மூன்று வேண்டல்கள் அவ்வகையில் குறிப்பிடத்தக்கவை.