டோக்கோனோமா

டோக்கோனோமா என்பது ஜப்பானியரின் மரபுவழி வீடுகளில், விருந்தினரை அமர்த்தும் பாய் விரித்த அறையில் அமையும் அலங்கார மாடம். இதன் தரை அறையின் தரையைவிடச் சற்றே உயர்ந்திருக்கும். பின்சுவரில் ஓவியமோ எழுத்தோ தீட்டிய சுருள் தொங்கும். கீழே பூச்சாடி இருக்கும். பருவம் மாறினால் இரண்டும் மாறும். மாடத்துக்குள் கால் வைப்பது மரியாதைக் குறைவு.

முரோமாச்சி காலத்தில் (1336–1573) பௌத்த ஓவியங்களைச் சுவரில் தொங்கவிட்டு, முன்னே ஒரு பலகையில் தூபக்கால், பூச்சாடி, விளக்குத்தண்டு ஆகியவற்றை வைக்கும் வழக்கம் இருந்தது. பின்னர் அந்தப் பலகை சுவரோடு நிலையாகப் பொருத்தப்பட்டது. ‘ஓஷிஇதா’ எனப்பட்ட அந்த அமைப்பே டோக்கோனோமாவின் முன்னோடிகளில் ஒன்று. சீன ஓவியங்களையும் பாண்டங்களையும் விரும்பிச் சேர்த்த அஷிகாகா குலத்து ஷோகன்கள் (படைத்தலைமை ஆட்சியாளர்கள்), அவற்றை முறைப்படி அடுக்கிவைக்க நோவாமி, சோவாமி முதலிய கலை அறிஞர்களை அரண்மனையில் வைத்திருந்தனர்.

வழிபாட்டில் தொடங்கிய மாடம் அதிகாரத்தின் அடையாளமாகவும் ஆயிற்று. கியோட்டோவின் நிஜோ கோட்டைப் பெருமண்டபத்தில் பெரிய டோக்கோனோமாவை ஒட்டிய மேல்தளமே ஷோகனின் இருக்கை. பிரபுக்கள் ஒரு படி தாழ்ந்த தளத்தில் அமர்ந்தார்கள்.

தேநீர்க் கலைஞர்கள் சென்ற வழி வேறு. சென் நோ ரிக்யூ (1522–1591) அமைத்ததாகக் கருதப்படும் தையான் தேநீர் அறையின் பரப்பு இரண்டே பாய். அதன் டோக்கோனோமாவில் உள்மூலைத் தூண்களையும் கூரையையும்கூட மண்பூச்சு மூடியிருக்கிறது. பகட்டு இல்லை, இருந்தும் அறைக்குள் நுழையும் விருந்தினர் முதலில் வணங்கிப் பார்ப்பது அந்த மாடத்தைத்தான்.

மாடத்தின் ஓரத்தூணுக்குத் தனி மதிப்பு உண்டு. கியோட்டோவின் வடக்கே கிதயாமா மலைப்பகுதியில் பட்டை உரித்து மெருகேற்றப்படும் தேவதாரு வகை மரங்கள் இதற்குப் பேர்போனவை.

எடோ காலத்தில் பாமரர் வீடுகளுக்குப் பல கட்டுப்பாடுகள் இருந்தன. 1868-இல் மெய்ஜி ஆட்சி தொடங்கிய பிறகு டோக்கோனோமா சாதாரணக் குடும்பங்களிலும் பரவியது. மூத்த விருந்தினரை அதற்கு முன்னே அமர்த்துவது இன்றும் மாறாத உபசாரம். அவர் உட்காருவதோ அழகிய சுருளுக்கு முதுகைக் காட்டியபடி!

யார் எங்கே அமர்வது என்ற இந்த வரிசைமுறையே பின்னர் கண்டனத்துக்கு உள்ளானது. ஜப்பானிய வீடுகளில் நிலப்பிரபுத்துவம் ஒளிந்திருப்பதாக 1949-இல் நூல் எழுதிய பெண் கட்டடக் கலைஞர் ஹமகுச்சி மிஹோ, டோக்கோனோமாவையும் விட்டுவைக்கவில்லை. இரண்டாம் உலகப் போருக்குப் பின் எழுந்த சிறு அடுக்குமாடி வீடுகளில் அதற்கு இடமும் குறைந்தது. இன்று அதைப் பெரும்பாலும் பழைய வீடுகள், தேநீர் அறைகள், ‘ரியோகான்’ எனும் மரபு விடுதிகள் ஆகியவற்றில் காணலாம்.