விளையாட்டின் விலாசம்

கணினி விளையாட்டுகளைப் பற்றி இலக்கிய வாசகர்கள் கூடும் இடத்தில் எழுதச் சற்றுத் தயக்கம் இருக்கவே செய்கிறது. ஆனாலும் ஒரு சிறிய கேள்வி நெடுநாளாக உடன் வந்துகொண்டிருக்கிறது. ஒரு விளையாட்டு கணினியில் எந்த இடத்தில் வைக்கப்பட்டிருக்கிறது? கடையில் கணினி பழுதுபார்ப்பவரிடம் கேட்டுத் தெரிந்துகொள்ளவேண்டிய விஷயம் போலத்தான் இது தோன்றும். அறுபது ஆண்டுகளில் இதற்கான விடை மாறிவந்த விதத்தைத் தொடர்ந்து பார்த்தால், இந்தக் கணினி யாருடையது என்கிற வேறொரு கேள்வியின் வரலாறும் அதற்குள் இருப்பது புலப்படும்.

தொடக்கத்தில் விளையாட்டுக்குக் கணினிக்குள் நிரந்தரமான இடமே இல்லை. 1962ல் எம்.ஐ.டி.யில் ஸ்டீவ் ரஸ்ஸலும் நண்பர்களும் பி.டி.பி-1 கணினிக்காக எழுதிய ‘ஸ்பேஸ்வார்’ துளையிட்ட காகித நாடாவில் இருந்தது. நாடா யார் கையில் இருக்கிறதோ அவரிடம் விளையாட்டு இருக்கிறது, அவ்வளவுதான் கணக்கு. 1969ல் பெல் ஆய்வகத்தில் கென் தாம்ஸன் எழுதிய ‘ஸ்பேஸ் டிராவல்’ என்ற விளையாட்டும் அப்படித்தான். பெரிய கணினியில் ஒருமுறை ஆடி முடித்தால் ஏறத்தாழ 75 டாலர் கணினி நேரம் செலவாகியிருக்கும் என்று டென்னிஸ் ரிச்சி பின்னாளில் எழுதினார். அந்தச் செலவைத் தவிர்க்கத்தான் தாம்ஸன் யாரும் அதிகம் தொடாமல் கிடந்த ஒரு பி.டி.பி-7 கணினியை நாடினார். நிரலை வேறொரு கணினியில் தயாரித்து, காகித நாடாவில் துளையிட்டு, கையில் எடுத்துக்கொண்டு நடந்து போய் இதில் ஏற்றவேண்டும். அந்தப் பி.டி.பி-7ல்தான் அடுத்து யூனிக்ஸ் பிறந்தது. இன்றைய சர்வர்களும் கைபேசிகளும் நிற்கும் அடித்தளத்துக்கு ஒரு விளையாட்டு வழிகாட்டியது என்பதைப் பாடநூல்கள் கொஞ்சம் வெட்கத்தோடுதான் சொல்கின்றன.

அந்த நன்றியை யூனிக்ஸ் மறக்கவில்லை போலும். விளையாட்டுகளுக்கென்றே அதில் ஓர் அடைவு ஒதுக்கப்பட்டது: /யுஎஸ்ஆர்/கேம்ஸ். லினக்ஸ் வைத்திருப்பவர்கள் பலர் இன்றும் அதைத் தேடிப் பார்க்கலாம். பெர்க்லி பல்கலைக்கழகம் வெளியிட்ட யூனிக்ஸில் ‘ரோக்’ போன்ற விளையாட்டுகள் அங்கே குடியிருந்தன. ஆனால் பல்கலைக்கழகக் கணினி பொதுச்சொத்து. பத்துப் பேர் பாதாளக் குகைகளில் அலைந்துகொண்டிருந்தால் பதினோராவது ஆள் தன் ஆய்வுக்கட்டுரையைத் தட்டச்ச முடியாது. எனவே எண்பதுகளின் பிற்பகுதியில் ‘டி.எம்.’ என்றொரு நிரல் சேர்க்கப்பட்டது. விரிவு ‘டஞ்சன் மாஸ்டர்’, நிலவறையின் தலைவன்.

அதன் ஏற்பாடு மிக நுட்பமானது. உண்மையான விளையாட்டுகளை /யுஎஸ்ஆர்/கேம்ஸ்/ஹைட் என்ற மறைவிடத்துக்கு மாற்றிவிடுவார்கள். பழைய இடத்தில் அதே பெயர்கள் அப்படியே இருக்கும். ஆனால் ஒவ்வொரு பெயரும் இந்தக் காவலாளியைத்தான் சுட்டும். மாணவன் விளையாட்டின் பெயரைத் தட்டினால் முதலில் எழுந்து வருவது காவலாளி. இன்று என்ன கிழமை, மணி என்ன, எத்தனை பேர் கணினியில் இருக்கிறார்கள், சுமை எவ்வளவு, எந்த முனையத்திலிருந்து கேட்கிறாய் என்றெல்லாம் பார்த்துவிட்டுத்தான் கதவைத் திறக்கும். நிர்வாகி /ஈடிசி/நோகேம்ஸ் என்ற பெயரில் ஒரு கோப்பை உருவாக்கிவிட்டால் போதும், அன்று யாருக்கும் விளையாட்டில்லை. விளையாட்டின் இருப்பிடத்தை ஆடுபவரிடமிருந்து மறைக்கும் எண்ணம் இவ்வளவு முற்பட்டது என்பதை அறிந்தபோது எனக்கு வியப்பாக இருந்தது. அதில் ஒரு நியாயமும் இருந்தது என்பதைச் சொல்லத்தான் வேண்டும். கணினி மாணவனுடையதல்ல.

அதே காலத்துக் கணினிகளில் நேர்ந்த இன்னொரு கதையையும் இங்கே சொல்லவேண்டும். குகை ஆராய்ச்சியில் ஈடுபாடு கொண்ட நிரலாளர் வில் க்ரௌதர், தாம் நடந்து அளந்த கென்டக்கி குகைகளை வைத்து 1975-76 வாக்கில் ‘அட்வெஞ்சர்’ என்ற விளையாட்டை எழுதினார். படமே கிடையாது, முழுக்கச் சொற்கள். ஸ்டான்ஃபோர்டில் டான் வுட்ஸ் அதைக் கண்டெடுத்து, க்ரௌதரின் அனுமதியோடு விரிவாக்கினார். உலகெங்கும் பரவியது வுட்ஸின் வடிவம். மூலவடிவம் தொலைந்தே போய்விட்டதாகப் பலரும் எண்ணியிருந்தார்கள். ஆங்கில இலக்கியப் பேராசிரியரான டென்னிஸ் ஜெர்ஸ் 2007ல் அதை வெளியிட்டார். ஸ்டான்ஃபோர்டில் வுட்ஸுக்கு மாணவராக இருந்த காலத்தில் ஒரு கணக்கு இருந்தது. அந்தக் கணக்கின் காப்புப்பிரதியில் கோப்பு முப்பதாண்டு காலம் சும்மா கிடந்திருக்கிறது. பரண்மேல் கிடந்த ஏட்டுக்கட்டை இறக்கிய கதைகளைக் கேட்டு வளர்ந்த நமக்கு இந்த மகிழ்ச்சியை விளக்கவேண்டியதில்லை. சாதாரணக் கோப்பாக, ஒருவருடைய அடைவில், ஒரு பெயரோடு இருந்ததால் அது பிழைத்தது.

வீட்டுக் கணினிக்கு வருவோம். 1981ல் ஐ.பி.எம். பி.சி.யோடு வந்த டாஸில் அடைவுகளே கிடையாது. பல விளையாட்டுகள் டாஸையும் சட்டைசெய்யவில்லை. 1982ல் வந்த மைக்ரோசாஃப்டின் ‘ஃப்ளைட் சிமுலேட்டர்’ நெகிழ்வட்டைச் செருகிக் கணினியைப் போட்டால் தானே எழுந்து ஓடும். 1983ல் 10 மெகாபைட் வன்தட்டுடன் பி.சி. எக்ஸ்.டி. வந்தது, அதோடு டாஸ் 2.0ல் அடைவுகளும் வந்தன. அப்போதுதான் ‘நிறுவுதல்’ என்ற செயலுக்கே பொருள் வந்தது எனலாம்.

1993 டிசம்பரில் வெளியான ‘டூம்’ இந்தக் காலத்தின் நல்ல உதாரணம். எந்த அடைவில் வைக்கவேண்டும் என்று அது ஆடுபவரைக் கேட்கும். நிரல், ‘வாட்’ என்ற பெரிய தரவுக்கோப்பு, நாம் பாதியில் நிறுத்திய ஆட்டங்கள் எல்லாம் ஒரே கூரையின் கீழ். அடைவை நகலெடுத்தால் விளையாட்டோடு நம் முன்னேற்றமும் நண்பர் வீட்டுக்குப் போய்விடும். அழித்தால் சுவடின்றிப் போகும். குறுந்தகட்டிலிருந்தே ஓடும்படி வந்த வடிவத்தில் மட்டும் ஒரு சிறு விரிசல். தகட்டில் எழுதமுடியாது என்பதால் சேமிப்புகள் வன்தட்டில் ‘டூம்டேட்டா’ என்ற தனி அடைவுக்குப் போயின. ஆட்டமும் ஆடியவரின் தடமும் வெவ்வேறு வீடுகளுக்குப் பிரிந்து போனதற்கு இது ஒரு முன்னோட்டம்.

விண்டோஸ் 95 வந்ததும் ‘புரோகிராம் ஃபைல்ஸ்’ என்ற பொதுக்குடியிருப்பு எழும்பியது. நிறுவிய இடத்தைப் ‘ரெஜிஸ்ட்ரி’ என்ற பதிவேடு குறித்துக்கொண்டது. விண்டோஸோடு வந்த இலவச விளையாட்டுகளோ கோப்புக் காடுகளுக்குள் ஒளிந்திருந்தன. எக்ஸ்.பி.யில் சாலிடேர், கண்ணிவெடி விளையாட்டான மைன்ஸ்வீப்பர் இரண்டும் ‘சிஸ்டம்32’ அடைவில், இயங்குதளத்தின் முக்கியக் கோப்புகளுக்கு நடுவே. பின்பால் மட்டும் எதனாலோ ‘விண்டோஸ் என்.டி.’ என்ற கோப்புறையில். விண்டோஸ் 3.1 காலத்து மைன்ஸ்வீப்பர் தன் சாதனை நேரங்களை ஓர் எளிய உரைக்கோப்பில் எழுதி வைத்தது. நோட்பேடில் திறந்து யார் வேண்டுமானாலும் உலகசாதனை படைக்கலாம்.

2007ல் பரவலாக விற்பனைக்கு வந்த விஸ்டா இந்த வெளிப்படைத்தன்மைக்கு முடிவு கட்டியது. பாதுகாப்புக் கருதி ‘புரோகிராம் ஃபைல்ஸ்’ உள்ளே சாதாரண நிரல்கள் எழுதக்கூடாது என்று விதித்தார்கள். பழைய விளையாட்டுகளுக்கு இது தெரியாதே? அவை வழக்கம்போலத் தம் வீட்டிலேயே சேமிப்பை எழுத முயலும். விண்டோஸ் அதைத் தடுக்காமல், சத்தமில்லாமல் ‘வர்ச்சுவல்ஸ்டோர்’ என்ற வேறோர் இடத்துக்குத் திருப்பிவிடும். விளையாட்டு திரும்பக் கேட்கும்போது அங்கிருந்தே எடுத்துத் தரும். வீட்டிலேயே எழுதியதாக விளையாட்டு நம்பிக்கொண்டிருக்கும்; கோப்புறையைத் திறந்து பார்க்கும் மனிதர் கண்ணுக்கு அங்கே ஒன்றும் இருக்காது. வருடக்கணக்கான ஆட்டம் காணாமற்போய்விட்டதென்று கலங்கியவர்கள் உண்டு. நிரலிடம் நேர்த்தியாகச் சொல்லப்பட்ட ஒரு பொய் என்றே இதைச் சொல்லத் தோன்றுகிறது. பொய் என்றாலும் நோக்கம் நல்லது.

அடுத்த மாற்றத்தைப் பற்றி அப்படிச் சொல்லத் தயக்கமாக இருக்கிறது. 2003ல் வால்வ் நிறுவனம் ‘ஸ்டீம்’ என்ற சேவையைத் தொடங்கியது. 2004ல் ‘ஹாஃப்-லைஃப் 2’ வாங்கியவர்கள், தகட்டைக் கடையில் வாங்கியிருந்தாலும், ஸ்டீமில் பதிந்தே ஆகவேண்டியிருந்தது. ஆரம்பத்தில் வால்வின் விளையாட்டுகள் ‘ஜி.சி.எஃப்.’ என்ற மூட்டைக்கோப்புகளுக்குள் கட்டிவைக்கப்பட்டிருந்தன. 2013 வாக்கில் அந்த முறை கைவிடப்பட்டு, எல்லாம் ‘ஸ்டீம்ஆப்ஸ்’ கோப்புறைக்குள் ‘காமன்’ என்ற இடத்துக்கு வந்தன. விளையாட்டின் பெயரை வலச்சொடுக்கிக் கோப்புகளைக் காட்டு என்றால் இன்றும் காட்டுகிறது. ஸ்டீமைக் குறைசொல்வதானால் இந்த நாகரிகத்தையும் சேர்த்துச் சொல்வதுதான் முறை. விண்டோஸ் 8ல் வந்த மைக்ரோசாஃப்ட் கடையில் அந்த நாகரிகமும் இல்லை. ‘விண்டோஸ்ஆப்ஸ்’ என்ற கோப்புறை மறைக்கப்பட்டிருக்கும். கண்டுபிடித்தாலும் கணினியின் நிர்வாகிக்கே அனுமதி மறுக்கப்படும். அதன் உரிமையாளர் பெயர் ‘டிரஸ்டட் இன்ஸ்டாலர்’ என்றிருக்கும். நம்பிக்கைக்குரியவர் யாரென்று கணினிக்குப் பணம் கொடுத்தவரிடம் யாரும் கேட்கவில்லை. எதிர்ப்புகளுக்குப் பிறகு ‘எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ்’ என்ற திறந்த கோப்புறை தரப்போவதாக 2021 இறுதியில் அறிவித்தார்கள். பெர்க்லியின் நிலவறைக் காவலாளி பொதுக்கணினியைக் காத்தான். இவன் நம் வீட்டுக்குள் நமக்கெதிராக நின்றான்.

கோப்புகள் கண்ணெதிரே இருப்பதும் போதாது என்பதை 2024 மார்ச் 31 காட்டியது. யூபிசாஃப்டின் ‘தி க்ரூ’ 2014ல் வெளிவந்த கார் பந்தய விளையாட்டு. தனியாக ஓட்டினாலும் நிறுவனத்தின் சர்வரோடு தொடர்பிருந்தால்தான் ஓடும். அன்று சர்வர்களை நிறுத்தினார்கள். அமெரிக்கா முழுவதையும் சுருக்கி வரைந்த அந்த நிலப்பரப்பு, சாலைகள், எஞ்சின் ஓசைகள் எல்லாம் வன்தட்டில் ஜிகாபைட் கணக்கில் அப்படியே இருக்க, திறக்க வழியில்லை. ராஸ் ஸ்காட் என்பவர் தொடங்கிய ‘விளையாட்டுகளைக் கொல்லாதீர்கள்’ இயக்கம் இதிலிருந்துதான் எழுந்தது. அதே ஆண்டு கலிஃபோர்னியா ஒரு சட்டம் இயற்றியது: மின்வடிவில் விற்பவர்கள், வாங்குபவர் பெறுவது உரிமம் மட்டுமே என்றால் அதைத் தெளிவாகச் சொல்லவேண்டும். 2025 தொடக்கத்தில் அது நடைமுறைக்கு வந்தது.

2025ல் ரசிகர்கள் சிலர், நிறுவனத்தின் சர்வர் செய்துவந்த வேலையைச் செய்யும் ஒரு மாற்று நிரலைத் தாங்களே எழுதி வெளியிட்டார்கள். ‘தி க்ரூ’ மீண்டும் ஓடத் தொடங்கியது. அந்த நிரலில் சாலைகளோ கார்களோ கிடையாது. அதை நிறுவுபவர், மூல விளையாட்டின் கோப்புறை தம் கணினியில் எங்கே இருக்கிறது என்று முதலில் தேடியாகவேண்டும்.