கைப்பற்றலும் பறிமுதலும்

‘மணல் கடத்திய டிராக்டர் பறிமுதல்’ என்று பேப்பரில் பார்த்தால் இன்றைக்கும் பேனாவை எடுத்துத் திருத்தத் தோன்றும். அன்றைக்கு நடந்தது கைப்பற்றல் மட்டும்தான். வண்டி அரசுக்கே சொந்தமாகிப் போவதுதான் பறிமுதல். அதற்குக் கோர்ட்டு உத்தரவு வேண்டும். இரண்டுக்கும் நடுவே எத்தனை வண்டி துருப்பிடித்தது என்பது, செய்யாற்றங்கரைக் கிராமங்களில் வி.ஏ.ஓ.வாக இருந்து மகஜர் எழுதிய எனக்குத் தெரியும்.

1980-ல் கர்ணம், மணியக்காரர் பதவிகளை ஒழித்த பிறகு வந்த வேலை இது. திருவண்ணாமலை தனி மாவட்டமான 1989-ல் சேர்ந்தேன். அப்போது மணலுக்காக யாரும் ராத்திரி கண்விழித்ததில்லை. வீடு கட்டுகிறவன் வண்டி பூட்டிப் போய் அள்ளி வருவான். சட்டம் இல்லாமல் இல்லை. 1957-ம் வருஷத்துக் கனிமச் சட்டத்தில் சாதாரண மணலும் சிறு கனிமம்தான்; 1959-லேயே தமிழ்நாடு அதற்கு விதி போட்டுவிட்டது. மணலுக்கு அப்போது இந்த விலை இல்லை, அவ்வளவுதான்.

1999 திருத்தம் வந்து, அனுமதியில்லாமல் ஏற்றிப் போவதையும் குவித்து வைப்பதையும் சேர்த்துத் தடுத்தது. ஆற்றுக்குள் இறங்கிப் பிடிக்க வேண்டியதில்லை, ரோட்டிலேயே மறிக்கலாம் என்று ஆனது. 2003 அக்டோபரில் மணல் அள்ளும் உரிமையை அரசே எடுத்துக்கொண்டது; பொதுப்பணித்துறை குவாரி நடத்தியது. என் தூக்கம் போனது அதற்குப் பிறகுதான்.

ஒரு மார்கழி ராத்திரி தாசில்தாரோடு போய் மாட்டு வண்டி ஒன்றை மடக்கினோம். டார்ச் வெளிச்சத்தில் எழுதினேன்: டயர் வண்டி ஒன்று, செவலைக் காளை ஒன்று, மயிலைக் காளை ஒன்று, மண்வெட்டி ஒன்று, பாண்டு இரண்டு. 21(4) பிரிவில் கருவி, வாகனம் என்று அடுக்கிவிட்டு ‘வேறு எந்தப் பொருளும்’ என்று முடித்திருப்பார்கள். காளைகள் அந்தக் கடைசி வார்த்தையில்தான் அடங்கும். வண்டிக்காரர் அழவில்லை. “வண்டி இருக்கட்டும் சார், மாட்டுக்கு யார் வைக்கோல் போடுவாங்க?” என்றார். சட்டத்தில் அதற்குப் பதில் இல்லை. மூன்று நாள் தலையாரி வீட்டுத் தொழுவத்தில் கட்டியிருந்தோம். வைக்கோல் என் காசு.

கைப்பற்ற அதிகாரி போதும். பறிமுதலுக்கு அடுத்த உட்பிரிவு, 21(4ஏ): குற்றத்தை விசாரிக்கிற கோர்ட்டு உத்தரவு போட வேண்டும். 22-ம் பிரிவோ, அதிகாரம் பெற்றவர் எழுத்தில் புகார் கொடுத்தால்தான் கோர்ட்டு வழக்கையே எடுக்கும் என்கிறது. பல கோப்புகள் அபராதத்தோடு முடியும். மற்றவற்றில் வக்கீல்கள் 2002-ம் வருஷத்து உச்ச நீதிமன்றத் தீர்ப்பை நீட்டுவார்கள்: கைப்பற்றிய வண்டியை ஸ்டேஷன் வாசலில் மக்க விடாதே, ஜாமீன் வாங்கிக்கொண்டு கொடுத்துவிடு. நியாயமான தீர்ப்புதான். ஆனால் திரும்பிப் போன டிராக்டரை அடுத்த அமாவாசைக்குள் அதே ஆற்றில் பார்த்திருக்கிறேன்.

ரதசப்தமிக்கு அண்ணாமலையார் கலசபாக்கத்துக்கு வந்து செய்யாற்றில் தீர்த்தவாரி காண்பார். தை 5-ல் மணலூர்பேட்டைத் தென்பெண்ணைக்குப் போவார். அந்த ஊர்ப் பெயரிலேயே மணல் இருக்கிறது. சாமி வருகிற வாரம் எங்கள் பக்கம் ஒரு வண்டியும் இறங்காது. ஒரு வருஷம் பந்தல்கால் நட, மணல் அள்ளிய பள்ளத்தை மண் கொட்டி நிரப்ப வேண்டியிருந்தது. அந்த மண்ணைக் கொண்டு வந்தவர்களில் இரண்டு பேர் என் மகஜரில் இருந்தவர்கள்.

2015-ல் தண்டனை இரண்டு வருஷத்திலிருந்து ஐந்து வருஷமானது. இருபத்தைந்தாயிரமாக இருந்த அபராதம் ஹெக்டேருக்கு ஐந்து லட்சம் வரை ஏறியது. 2018 அக்டோபரில் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, மணல் கடத்தலில் சிக்கிய வண்டிகளைத் திருப்பித் தராதே, பறிமுதல் நடவடிக்கை எடு என்று சொன்னது. அதோடு தாலுகா அலுவலக வளாகம் நிறைந்தது. லாரிகளை நகர்த்த ஆளில்லை. ஒரு டிராக்டர் டிரெய்லரில் ஒரு யூனிட்டுக்கும் குறைவாக மணல் மிச்சம் கிடந்தது. அதில் வேப்பங்கன்று முளைத்து, நான் ஓய்வு பெறும்போது இடுப்பளவு நின்றது.

போன கார்த்திகை தீபத்தன்று பெரிய தெருவில் அந்த டிராக்டர்காரர் மகன் என்னை அடையாளம் கண்டுகொண்டான்.

“ஐயா, எங்க வண்டி பறிமுதல் ஆயிடுச்சா?”

“இல்லப்பா. கைப்பற்றினதோட நிக்குது.”

“அப்ப இன்னும் எங்களுதுதானா?” என்றான்.