எப்சிபா என்னும் பெயரின் வழித்தடம்: எபிரேய மூலமும் ஜொகூர்த் தமிழ்க் கிறிஸ்தவர் வழக்கும்

எபிரேயப் பெண்பாற் பெயர்களுள் சாராள், ரெபெக்காள், எஸ்தர், ரூத் முதலியன கிறிஸ்தவம் சென்ற நாடெல்லாம் சென்று நிலைத்தவை. எப்சிபா அவ்வாறு பரவிய பெயரன்று. இசுரேலில் இன்று அது பாட்டிமார் காலத்துப் பெயராகவே கருதப்படுகிறது. ஆங்கிலம் பேசும் நாடுகளிலும் பத்தொன்பதாம் நூற்றாண்டுக்குப் பின் அதை மகளுக்கு இட்டவர் மிகச் சிலரே. ஆயினும் திருநெல்வேலி, கன்னியாகுமரி மாவட்டங்களின் புராட்டஸ்டண்டுக் குடும்பங்களிலும், தமிழ்க் கிறிஸ்தவர் பிழைப்புத் தேடிச் சென்று தங்கிய மலேசியாவிலும், அதன் தீபகற்பப் பகுதியின் தென்கோடியான ஜொகூரிலும், இப்பெயர் வீட்டில் ‘எப்சி’ என்று சுருங்கியும் கோயிலில் முழுதாக ஒலித்தும் வழங்கி வருகிறது. ஜொகூர் நீரிணையைத் தாண்டினால் சிங்கப்பூரில், 1878இல் மகேன் அபோத் தொழுகைக்கூடத்தை வாட்டர்லூ வீதியில் எழுப்பிய யூதச் சமூகம் எபிரேயம் ஓதி வாழ்ந்தது. எனினும் ஜொகூர்த் தமிழருக்கு இப்பெயர் கிடைத்தது அச்சமூகத்திடமிருந்து அன்று. அது தமிழ்ப் பைபிளின் ஒரு குறிப்பிட்ட வசனத்திலிருந்து வந்தது. அவ்வழி எது என்பதை இப்பெயரின் எழுத்துகளைக் கொண்டே பெரும்பாலும் நிறுவ முடியும்.

எபிரேய வேதத்தில் இப்பெயர் இரண்டே இடங்களில் வருகிறது. முதலாவது, இரண்டாம் ராஜாக்கள் நூலின் 21ஆம் அதிகாரம். யூதாவின் அரசன் எசேக்கியாவின் மகனாகிய மனாசே பன்னிரண்டு வயதில் அரியணை ஏறி ஐம்பத்தைந்து ஆண்டுகள் எருசலேமில் ஆண்டான் என்று தொடங்கும் அப்பகுதி, யூதா அரசர் வரலாற்றில் வழக்கமாகச் செய்வது போலவே அரசனின் தாயைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. அவளைப் பற்றி அதற்கு மேல் ஒரு சொல்லும் இல்லை. அவள் பெற்ற மகனோ, அந்நூலாசிரியரின் தீர்ப்பில், யூதாவை ஆண்டவர்களுள் மிகக் கொடியவன். இரண்டாவது இடம் ஏசாயா நூலின் 62ஆம் அதிகாரம், நான்காம் வசனம். பாபிலோனியச் சிறையிருப்புக்குப் பின் எழுந்தது என்று ஆய்வாளர் பலரும் கொள்ளும் அப்பகுதியில் பெயர் பெறுவது ஒரு பெண் அல்லள், பாழடைந்து கிடந்த எருசலேம் நகரம். கைவிடப்பட்டவள் என்ற பழைய பெயர் நீங்கி அந்நகரம் எப்சிபா என்றும், அதன் நிலம் பியூலா என்றும் அழைக்கப்படும் என்பது அங்குள்ள வாக்குறுதி.

பெயரின் அமைப்பு எளியது. ‘எஃப்ட்ஸ்’ என்பது விருப்பம், பிரியம் என்று பொருள்படும் பெயர்ச்சொல். அதனோடு ‘என்’ என்னும் பொருள் தரும் இகர ஈறு சேர்ந்தால் ‘எஃப்ட்ஸி’, அதாவது என் பிரியம். ‘பா’ என்பது ‘அவளில்’ என்று வேற்றுமைப் பொருள் தரும் சொல். இரண்டும் கூடி ‘என் பிரியம் இவளிடத்தில்’ என்று ஒரு முழு வாக்கியமாகின்றன. ‘இவள் என் மகள்’ என்பது தமிழில் வினையின்றி நிற்பது போலவே இவ்வெபிரேய வாக்கியமும் வினையின்றி நிற்கிறது. ஆகவே இப்பெயரில் பேசுபவர் வேறு, பெயர் பெறுபவர் வேறு. யாரோ ஒருவர் அவளைச் சுட்டி மூன்றாமவரிடம் சொல்வது போன்ற தொனி இதில் உண்டு. அரசியின் பெயராக இருந்தபோது அது பெற்றோரின் கூற்றாக இருந்திருக்கலாம். ஏசாயாவில் அது தெய்வத்தின் கூற்று.

ஏசாயாவின் அவ்வசனத்தில் ‘கைவிடப்பட்டவள்’ என்று தமிழாகும் எபிரேயச் சொல் அசுபா. அதுவும் ஓர் அரசியின் பெயரே. யோசபாத் என்னும் யூதா அரசனின் தாய் அசுபாள் என்று முதலாம் ராஜாக்கள் நூல் கூறுகிறது. தாய்மார் இருவரின் பெயர்களை எடுத்து, ஒன்றைக் கழற்றி மற்றொன்றை அணிவிப்பது போலப் பாடிய கவிஞனுக்கு அரண்மனைப் பெயர்கள் நினைவில் இருந்திருக்க வேண்டும் என்று கருதுவது பொருத்தமே. பிற்கால யூத மரபு எப்சிபாவை மறக்கவில்லை. எசேக்கியா தீர்க்கதரிசி ஏசாயாவின் மகளை மணந்தான் என்ற செய்தி பாபிலோனியத் தல்மூதில், அதாவது யூத அறிஞரின் சட்ட விவாதத் தொகுப்பில், பெராகோத் பகுதியில் இடம்பெறுகிறது. அம்மகளே எப்சிபா என்று மரபு கொண்டது. ஏழாம் நூற்றாண்டின் முற்பகுதியைச் சேர்ந்ததாகக் கருதப்படும் ‘செருபாபேலின் நூல்’ இன்னும் ஒரு படி மேலே போய், மெசியாவின் தாயாகவும், கையில் கோலேந்திப் பகையரசரை எதிர்த்து நிற்கும் வீராங்கனையாகவும் எப்சிபா என்ற ஒருத்தியைப் படைத்தது. பெயரளவில் மட்டுமே அறியப்பட்ட ஓர் அரசிக்குக் கிடைத்த மறுவாழ்வு இது. எனினும் தமிழகம் வந்த வழக்குக்கும் இதற்கும் தொடர்பில்லை.

தமிழுக்கு வந்த வழியை அறிய மொழிபெயர்ப்பு வரலாற்றைப் பார்க்க வேண்டும். ஏசாயாவின் அவ்வசனத்தில் வருவது பெயரா, பொருளா என்ற கேள்வி மொழிபெயர்ப்பாளர் எல்லாரையும் எதிர்கொண்டது. கிறிஸ்து பிறப்பதற்கு முன்பே கிரேக்கத்தில் பெயர்த்தவர்கள் அதைப் பொருளாகக் கொண்டு, ‘என் விருப்பம்’ என்றும் ‘குடியிருக்கப்பட்ட நிலம்’ என்றும் எழுதினர். எரோணிமுவின் இலத்தீன் பெயர்ப்பும் அவ்வாறே பொருளைத் தந்தது. மார்ட்டின் லூத்தரும் ஜெர்மானியத்தில் பொருளையே பெயர்த்தார். ஆங்கிலத்தில் மட்டும் கதை மாறியது. 1560இன் ஜெனீவா பைபிளும் 1611இன் ஜேம்ஸ் மன்னர் பைபிளும் இரு சொற்களையும் எபிரேய ஒலியிலேயே விட்டுவிட்டு, பொருளை ஓரக்குறிப்பில் தந்தன. இந்த ஓர் ஆசிரிய முடிவினால்தான், புனிதர் பெயர்களை வேண்டாமென்று ஒதுக்கிப் பழைய ஏற்பாட்டில் பெயர் தேடிய ஆங்கிலப் பியூரிட்டன் குடும்பங்களுக்கும், அமெரிக்காவின் நியூ இங்கிலாந்தில் குடியேறிய அவர்களின் வழியினருக்கும் எப்சிபா என்றொரு பெண்பெயர் கிடைத்தது. நதானியேல் ஹாதார்ன் 1851இல் எழுதிய நாவலில் வரும் முதிர்கன்னிக்கும், ஜார்ஜ் எலியட் 1861இல் எழுதிய ‘சைலஸ் மார்னர்’ கதையில் நெசவாளி எடுத்து வளர்க்கும் எப்பி என்ற குழந்தைக்கும் அதுவே பெயர். அதே வசனத்தில் அசுபா மட்டும் ‘கைவிடப்பட்டவள்’ என்று ஆங்கிலமாக்கப்பட்டதால் அது பெயராகத் தென்படவே இல்லை.

தமிழில் பழைய ஏற்பாடு தரங்கம்பாடியில் சீகன்பால்கு தொடங்கிய பணியின் தொடர்ச்சியாக, பெஞ்சமின் சுல்ட்சேயின் கையில் 1720களில் நிறைவெய்தியது. அதன்பின் பப்ரிசியு அதைச் செப்பனிட்டார். அவருடைய நடையை அடிப்படையாகக் கொண்டு என்றி பவர் தலைமையிலான குழு உருவாக்கிய ஐக்கிய மொழிபெயர்ப்பு 1871இல் முழுமையாக வெளிவந்து, புராட்டஸ்டண்டு வீடுகளின் வேதமாக இன்றளவும் நிற்கிறது. இப்பதிப்பின் ஏசாயா 62:4 ஆங்கிலப் பைபிளின் பாகுபாட்டை அப்படியே பின்பற்றுகிறது: கைவிடப்பட்டவள் என்பதும் பாழான தேசம் என்பதும் தமிழாகின்றன, எப்சிபாவும் பியூலாவும் ஒலிபெயர்க்கப்படுகின்றன. இது தற்செயல் என்று யாரும் வாதிடலாம். ஆனால் ‘பியூலா’ என்னும் எழுத்துக்கூட்டு அவ்வாதத்துக்கு இடம் தருவதில்லை. எபிரேயத்தில் அச்சொல் பெ-ஊ-லா என்று மூன்று அசையாக ஒலிக்கும். ‘பியூ’ என்னும் ஒலி ஆங்கிலேயர் வாயில் மட்டுமே பிறந்தது. எபிரேயத்தை நேரே நோக்கிப் பெயர்த்திருந்தால் பெயூலா என்றோ பேயுலா என்றோ வந்திருக்கும்.

இரண்டாவது சான்று ஒரு ளகர ஒற்றில் உள்ளது. ஆகாரத்தில் முடியும் எபிரேயப் பெண்பெயர்களுக்கு ஐக்கிய மொழிபெயர்ப்பு ‘ஆள்’ என்னும் தமிழ்ப் பெண்பால் விகுதியைச் சேர்ப்பது வழக்கம். சாராள், லேயாள், அன்னாள் என்பன அவ்வாறு அமைந்தவை. மனாசேயின் தாயும் அவ்விதிப்படி ‘எப்சிபாள்’ ஆகிறாள். ஏசாயாவிலோ பெயர் பெறுவது நகரம் என்பதால் விகுதி சேராமல் ‘எப்சிபா’ என்றே நிற்கிறது. தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பங்களில் சாராள் என்றும் அன்னாள் என்றும் பெயரிடும் மரபு இருந்தும், எப்சிபா மட்டும் ளகரமின்றி வழங்குவதற்கு இதுவே விளக்கம். அவர்கள் அரசியின் பெயரை எடுக்கவில்லை. ஏசாயாவின் வாக்குறுதியை எடுத்தார்கள். யோபுவின் மூத்த மகளுக்குத் தமிழ் வேதம் இட்ட ‘எமீமாள்’ என்னும் வடிவம் வேதத்தோடு நின்றுவிட, வழக்கில் ஆங்கில ஒலியோடு ‘ஜெமிமா’ என்பதே செல்வாக்குப் பெற்றதை இதனோடு ஒப்பிட்டுப் பார்க்கலாம். அங்கே வேதத்தின் வடிவம் தோற்றது. இங்கே வேதத்தின் எழுத்தே வென்றது.

தமிழ் ஒலியமைப்புக்கு இப்பெயர் முற்றிலும் இயைந்ததன்று. எபிரேயத்தின் தொண்டையொலியைத் தமிழ் வேதம் எசேக்கியா, எபிரோன், ஆகார், ஓசியா ஆகிய பெயர்களில் விட்டது போலவே இங்கும் விட்டுவிட்டது. ஆனால் பகர ஒற்றின் பின் சகரம் வருவது தமிழ் இலக்கணத்தின் மெய்ம்மயக்க விதிக்குப் புறம்பு. க், ச், த், ப் ஆகிய நான்கும் தம்மொடு தாம் மட்டுமே மயங்கும். ‘எப்பு’, ‘எப்பி’ என்று சொல்லத் தமிழ்நாவுக்குத் தடையில்லை. ‘எப்சி’ சற்று இடறும். அவ்விடறலோடுதான் அது வீட்டுச் செல்லப்பெயராகவும் ஆயிற்று.

கத்தோலிக்கத் தமிழரிடையே இப்பெயர் அருகியே காணப்படுவதற்கான காரணமும் இவ்வரலாற்றில் உள்ளது. இலத்தீன் மரபில் அது பெயராகவே இருக்கவில்லை. ஞானஸ்நானப் பெயர் புனிதர் நாட்காட்டியிலிருந்து வருவது கத்தோலிக்க வழக்கம். அந்நாட்காட்டியில் எப்சிபா என்றொரு புனிதை இல்லை. சவேரியம்மாள், அந்தோணியம்மாள், சூசையம்மாள் என்ற பெயர்கள் ஒரு திருச்சபையையும், எப்சிபா, பியூலா என்ற பெயர்கள் மற்றொரு திருச்சபையையும் காட்டிக்கொடுப்பது இதனால்தான். புராட்டஸ்டண்டு வீட்டில் பெயர் வைப்பது வேதத்தை வாசிப்பதன் நீட்சி. 1820 முதல் பாளையங்கோட்டையை மையமாகக் கொண்டு பணியாற்றிய மிஷனரி இரேனியுவும் அவருக்குப் பின் வந்தவர்களும் பெண்பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்தினார்கள். அங்கு எழுத்தறிந்த பெண்கள் வேதத்தைத் தாமே வாசித்தார்கள். பியூலாவுக்குக் கூடுதலாக ஒரு துணையும் இருந்தது. ஜான் பனியனின் 1678ஆம் ஆண்டு நூலில், மோட்ச நகரத்துக்கு முன்னுள்ள ஆற்றங்கரையில் பயணிகள் இளைப்பாறும் நிலம் பியூலா எனப்படுகிறது. அந்நூலைத் தழுவி எச்.ஏ. கிருஷ்ணபிள்ளை ‘இரட்சணிய யாத்திரிக’த்தை 1894இல் வெளியிட்ட அளவுக்கு, பனியனின் கதை அம்மண்ணில் ஊறியிருந்தது.

பியூலா என்ற சொல்லுக்கு மணமானவள், கணவனை உடையவள் என்று பொருள். நிலம் வாழ்க்கைப்படும் என்று தமிழ் வேதம் அழகாகவே விளக்குகிறது. யூதச் சட்டநூல்களிலோ அது கன்னியல்லாத பெண்ணைக் குறிக்கும் சட்டச்சொல். எனவே எபிரேயம் அறிந்த குடும்பம் எதுவும் அதை மகளுக்கு இட நினைக்காது. எப்சிபாவுக்கு அத்தடை இல்லை. 1922இல் யெஸ்ரயேல் பள்ளத்தாக்கில் நிறுவப்பட்ட ஒரு கூட்டுப்பண்ணை எப்சிபா என்ற பெயரையே தாங்குகிறது. 

ஜொகூருக்குத் தமிழர் பெருந்தொகையாக வந்தது இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில். அதற்கு முன் அம்மாநிலத்தின் வேளாண்மை பெரும்பாலும் சீனர் கையிலிருந்த காம்பிரும் மிளகும். கெமாசிலிருந்து ஜொகூர் பாரு வரை இருப்புப்பாதை 1909இல் நிறைவுற்றதும், சிகாமட், லாபிஸ், குளுவாங், கூலாய் வழியாகக் காடு திறந்து பால்மரத் தோட்டங்கள் எழுந்தன. ஒப்பந்தக் கூலிமுறை 1910இல் முடிந்தபின் கங்காணி வழியாகவே ஆள் சேர்ப்பு நடந்து, 1938இல் இந்திய அரசு அதையும் நிறுத்தியது. வந்தவருள் பெரும்பாலோர் இந்துக்கள். கிறிஸ்தவர் சிறுதொகையினர், அவர்களிலும் ஒரு பகுதியினர் தோட்டத்துக் கிராணிகளாகவும் இரயில்வே ஊழியராகவும் ஆசிரியராகவும் வந்த யாழ்ப்பாணத்தாரும் தென்தமிழ்நாட்டாரும் ஆவர். சிதறிக் கிடந்த லயங்களில் குருவானவர் வருகை அரிது. ஆலயமில்லாத இடத்தில் ஆராதனை ஒரு வீட்டுத் திண்ணையில், ஒரு வேதப்புத்தகத்தைச் சுற்றி நடப்பதே இயல்பு. அத்தகைய வாழ்வில் புனிதர் திருநாட்களை விட அச்சிட்ட வசனத்துக்கே பெயர் கொடுக்கும் ஆற்றல் கூடியது; ஊரை விட்டு வந்தவர்களுக்குக் கைவிடப்பட்ட நகரம் புதுப்பெயர் பெறும் அதிகாரம் நெருக்கமாகப் பட்டிருக்கும் என்று கொள்வதும் மிகையாகாது.

மலேசியாவில் இப்பெயர் மேலும் இரண்டு மாற்றங்களுக்கு உள்ளாயிற்று. பிறப்புச் சான்றிதழும் அடையாள அட்டையும் உரோமன் எழுத்தில் அமைவதால், தமிழ் வேதம் உதிர்த்த தொண்டையொலி ஆங்கில எழுத்துக்கூட்டின் வழியே திரும்பி வந்தது. அதைப் பார்த்துத் தமிழிலும் ‘ஹெப்சிபா’ என்று எழுதுவோர் உளர்.  இரண்டாவது மாற்றம் மலாய் மொழியோடு தொடர்புடையது. மலேசியாவிலும் பயன்படும் இந்தோனேசிய வேதப் பதிப்பு, ஏசாயாவின் வசனத்தில் கிரேக்க, இலத்தீன் மரபைப் போலப் பொருளையே பெயர்க்கிறது. ராஜாக்கள் நூலில் மட்டும் அரசியின் பெயரை ‘ஹெஃப்சிபா’ என்று தருகிறது. அதை மட்டும் வாசிக்கும் ஒருவருக்கு பியூலா என்றொரு பெயர் இருப்பதே தெரியாது. எப்சிபாவும் மனாசேயின் தாயாகவே அறிமுகமாவாள். ஆகவே ஜொகூரின் ஞானஸ்நானப் பதிவேடுகளில் பியூலா என்ற பெயர் தென்படுமிடத்தில், அக்குடும்பத்தின் வேதம் தமிழா ஆங்கிலமா என்று மட்டுமே ஆய்வாளர் தேட வேண்டியிருக்கும். எப்சிபா என்று இருந்தால் அதன் முதலெழுத்தையும் ஈற்றெழுத்தையும் பார்ப்பது பயன்தரும்.